தக்காளி காய்கிறதா? மருந்து வாங்கும் முன் செடியைப் பாருங்கள்

உரக்கடைக்குப் போய், "தக்காளி காய்கிறது, ஏதாவது மருந்து கொடுங்கள்" என்று கேட்பவர்களுக்குப் பெரும்பாலும் கிடைப்பது ஒரு பூஞ்சாணக்கொல்லிப் பொட்டலமும் ஒரு பூச்சிமருந்துப் புட்டியும்தான். கடைக்காரர் செடியைப் பார்க்கவில்லை. கேட்பவரும் சரியாகப் பார்த்துவிட்டு வரவில்லை. பூஞ்சாணம், பாக்டீரியா, நச்சுயிரி (வைரஸ்), வேரில் புகும் நுண்ணிய நூற்புழு, உப்புத் தண்ணீர், பக்கத்து வயலில் அடித்த களைக்கொல்லி ஆகிய ஆறில் எதனால் வேண்டுமானாலும் செடி காயலாம். பூஞ்சாணக்கொல்லி இவற்றில் பெரும்பாலும் முதலாவதற்கே பலிக்கும், அதுவும் எல்லாப் பூஞ்சாணத்துக்கும் அல்ல. மற்றவற்றுக்குக் கண்ணை மூடிக்கொண்டு அதை அடித்தால் பணமும் போகும், செடியும் போகும், நாம் தின்னும் காயில் நஞ்சும் ஏறும்.

ஆகவே நோயின் பெயரைக் கண்டுபிடித்த பிறகே மருந்தைப் பற்றி யோசிக்க வேண்டும். இதற்கு ஆய்வுக்கூடம் தேவையில்லை. கூரான ஒரு கத்தி, கண்ணாடி டம்ளர் ஒன்று, காலை வெளிச்சத்தில் பத்து நிமிடம் செடியோடு உட்காரும் பொறுமை ஆகியவை இருந்தால் பெரும்பாலான நோய்களைப் பிரித்தறிந்துவிடலாம். கடலூர், புதுச்சேரிப் பக்கம் மாடியிலோ, வீட்டுக் கொல்லையிலோ, பத்து இருபது சென்ட் நிலத்திலோ முதல் முறையாகத் தக்காளி வைப்பவர்களை மனத்தில் வைத்தே இதை எழுதுகிறேன்.

நம் பகுதியின் வானிலையை முதலில் தெரிந்துகொள்ள வேண்டும். ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை கொட்டும். 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரையைக் கடந்தபோது, 24 மணி நேரத்தில் புதுச்சேரியில் 46 சென்டிமீட்டருக்கும் மேல் மழை பெய்தது. அடுத்த நாள்களில் தென்பெண்ணையாற்று வெள்ளம் கடலூர்ப் பக்கம் ஊர்களுக்குள் புகுந்தது. அப்படிப்பட்ட மழைக்குத் தாங்கும் தக்காளி எதுவும் கிடையாது. மழை ஓய்ந்தாலும் கடற்கரைக் காற்றில் ஈரம் குறைவதில்லை. மார்கழி, தை மாதங்களில் இலைமேல் பனி நிற்கும். மாசி பிறந்து வெயில் ஏறினால் வெள்ளை ஈ பெருகும். மழைக்காலத்தில் அழுகலும் வாடலும், பனிக்காலத்தில் இலைப்புள்ளியும் சாம்பல் நோயும், வெயில் காலத்தில் நச்சுயிரியும் வருவது இங்கே வழக்கம். எந்த மாதத்தில் செடி கெடுகிறது என்பதை வைத்தே பாதி நோயைக் கண்டுபிடித்துவிடலாம்.

முதல் படி: எங்கே தொடங்கியது?

இலையைக் கையில் எடுப்பதற்கு முன் செடி முழுவதையும் பாருங்கள். கெடுதல் அடியிலையில் தொடங்கி மேலே ஏறுகிறதா? கொழுந்தில் தொடங்கியதா? இலையில் ஒரு புள்ளிகூட இல்லாமல் செடி முழுவதும் துவண்டதா? செடி நன்றாக இருந்து காயில் மட்டும் கோளாறா? இந்த நான்கு கேள்விகளுக்கும் விடை தெரிந்துவிட்டால், பார்க்க வேண்டிய நோய்கள் இரண்டு மூன்றாகக் குறைந்துவிடும். பக்கத்துச் செடிகளையும் பாருங்கள். அங்கொன்றும் இங்கொன்றுமாகச் செடிகள் கெட்டிருந்தால் அது பூச்சி கொண்டுவந்த நச்சுயிரியாக இருக்கலாம். தண்ணீர் ஓடும் போக்கிலேயே வரிசையாக வாடியிருந்தால் மண்வழி வந்த வாடல் நோயைச் சந்தேகிக்க வேண்டும். எல்லாச் செடிகளும் ஒரே நாளில் ஒன்றுபோலக் கெட்டிருந்தால் அது பெரும்பாலும் நோயே அல்ல. தண்ணீர், உரம், களைக்கொல்லி இவற்றில் ஒன்று.

அடியிலையிலிருந்து மேலே ஏறினால்

இங்கே அதிகம் காணப்படுவது முன்பருவ இலைக்கருகல். ஆல்டர்னேரியா என்ற பூஞ்சாணத்தால் வருவது. மண்ணுக்கு அருகில் உள்ள முதிர்ந்த இலையில் பழுப்புப் புள்ளி விழும். அந்த இலையைப் பறித்து வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பாருங்கள். புள்ளிக்குள் ஒன்றுக்குள் ஒன்றாக வளையங்கள் தெரியும், சுற்றிலும் மஞ்சள் படர்ந்திருக்கும். வளையம் இருந்தால் அநேகமாக இந்த நோய்தான். புள்ளிகள் மிகச் சிறியவையாக, ஓரம் கருத்து நடுவில் சாம்பல் நிறமாக, இலை முழுவதும் இறைந்து கிடந்தால் அது செப்டோரியா இலைப்புள்ளி. இரண்டுக்கும் செய்ய வேண்டியது ஒன்றே.

இந்தப் பூஞ்சாணங்கள் மண்ணில் கிடக்கும் பழைய செடிக் கழிவில் தங்கியிருக்கும். மழைத்துளி மண்ணில் விழுந்து தெறிக்கும்போது அதோடு சேர்ந்து அடியிலையில் ஒட்டிக்கொள்ளும். வழி தெரிந்துவிட்டதால் மருத்துவமும் தெரிந்துவிடுகிறது. தரையிலிருந்து ஓர் அடி உயரம் வரை உள்ள இலைகளைக் கிள்ளி எடுத்துவிடுங்கள். செடியின் அடியில் வைக்கோலோ காய்ந்த சருகோ மூன்று விரற்கடை கனத்துக்குப் பரப்பி மூடாக்குப் போடுங்கள். தெறிப்பு நின்றாலே நோயின் வேகம் கண்ணுக்குத் தெரியும் அளவுக்குக் குறையும். கிள்ளிய இலைகளை எருக்குழியில் போடாதீர்கள். எரித்துவிடுங்கள், இல்லையென்றால் ஆழமாகப் புதையுங்கள்.

இதற்குப் பிறகும் புள்ளி மேலே ஏறினால்தான் மருந்து. மான்கோசெப் ஒரு லிட்டர் தண்ணீருக்கு 2 கிராம் அல்லது காப்பர் ஆக்சி குளோரைடு லிட்டருக்கு 2.5 கிராம். இலையின் மேல்புறத்தில் மட்டும் அடித்துவிட்டு வந்துவிடக் கூடாது. அடிப்புறமும் நனைய வேண்டும். இவை இலைக்கு மேலே படலமாக நின்று புதிய தொற்றைத் தடுப்பவை. ஏற்கெனவே விழுந்த புள்ளியை அழிப்பவை அல்ல. "மருந்து அடித்தும் புள்ளி போகவில்லையே" என்று மூன்று நாளில் மறுபடி அடிப்பவர்களைப் பார்க்கிறேன். பழைய புள்ளி போகாது. புதிதாக விரிந்த இலை சுத்தமாக இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் மருந்து வேலை செய்கிறது. அடுத்த தெளிப்புக்குப் பத்துப் பதினைந்து நாள் இடைவெளி விடலாம்.

தை, மாசியில் இலைமேல் திருநீறு பூசியது போல வெள்ளை படிந்தால் அது சாம்பல் நோய். நனையும் கந்தகத் தூள் லிட்டருக்கு 2 கிராம் போதும். உச்சி வெயிலில் கந்தகம் தெளித்தால் இலை கருகும், மாலையில் தெளியுங்கள்.

மலைப்பகுதி விவசாயிகள் பெரிதும் அஞ்சும் பின்பருவக் கருகலுக்குக் குளிர் வேண்டும். நம் கடற்கரை வெப்பத்தில் அதைப் பற்றிக் கவலைப்பட வேண்டிய தேவை குறைவு. இணையத்தில் படம் பார்த்துவிட்டு அதற்கான விலை உயர்ந்த மருந்தை வாங்கிவிடாதீர்கள்.

செடி முழுவதும் துவண்டால்: டம்ளர் சோதனை

புதியவர்களை மிகவும் கலங்கடிப்பது இதுதான். காலையில் பூவும் பிஞ்சுமாக நின்ற செடி நண்பகலில் தலை தொங்கும். மாலையில் நிமிரும். இரண்டு மூன்று நாளில் நிமிராமலே போய்விடும். இலை பச்சையாகவே இருக்கும், ஒரு புள்ளிகூட இருக்காது. தண்ணீர் போதவில்லை என்று நினைத்து ஊற்றிக்கொண்டே இருப்பார்கள். நோய் வாடலாக இருந்தால், அந்தத் தண்ணீரே அதைப் பக்கத்துச் செடிக்குக் கொண்டுபோகும்.

முதலில் மண்ணில் விரலை விடுங்கள். உண்மையிலேயே காய்ந்திருந்தால் தண்ணீர் விட்டுப் பாருங்கள். மண் சொதசொதவென்று இருந்தால் வேர் மூச்சு முட்டியிருக்கலாம், வடிகாலைத் திறந்துவிடுங்கள். மண் சரியான ஈரத்தில் இருந்தும் செடி வாடுகிறதென்றால் ஒரு செடியைத் தியாகம் செய்யத்தான் வேண்டும்.

வாடிய செடியைத் தரையிலிருந்து இரண்டு அங்குலம் மேலே குறுக்காக வெட்டுங்கள். அதிலிருந்து விரல் நீளத் தண்டை நறுக்கி எடுத்து, கண்ணாடி டம்ளரில் தெளிந்த தண்ணீர் ஊற்றி, தண்டின் கீழ்முனை மட்டும் தண்ணீரில் படும்படி பிடித்துக்கொள்ளுங்கள். கையை அசைக்காதீர்கள். டம்ளருக்குப் பின்னால் கறுப்புத் துணியோ கரும்பலகையோ இருந்தால் நல்லது. சில நிமிடங்களில் வெட்டுவாயிலிருந்து வெண்மையான மெல்லிய இழை தண்ணீருக்குள் இறங்கினால், சற்று நேரத்தில் தண்ணீர் கலங்கினால், அது பாக்டீரியா வாடல் நோய். ரால்ஸ்டோனியா என்ற பாக்டீரியா தண்டுக்குள் இருக்கும் நீர்க்குழாய்களை அடைத்துக்கொண்டிருக்கிறது. இறங்கும் அந்த இழை முழுவதும் பாக்டீரியாதான்.

இழை இறங்கவில்லை, ஆனால் தண்டை நெடுக்காகப் பிளந்தால் பட்டைக்கு உள்ளே பழுப்புக் கோடு ஓடுகிறது. இலைகள் கீழிருந்து மஞ்சளாகி, பல சமயம் செடியின் ஒரு பக்கம் மட்டும் மஞ்சளாகி வாடின என்றால் அது ஃபியூசேரியம் என்ற பூஞ்சாணத்தால் வரும் வாடல்.

இரண்டும் இல்லையென்றால் செடியை வேரோடு பிடுங்கிக் கழுவிப் பாருங்கள். வேரில் முண்டும் முடிச்சுமாக வீங்கியிருந்தால் வேர்முடிச்சு நூற்புழு. பயறுவகைச் செடிகளின் வேரில் இருக்கும் நல்ல முடிச்சு விரலால் தள்ளினால் உதிர்ந்துவிடும். நூற்புழு முடிச்சு வேரே வீங்கியது, உதிராது. மணற்பாங்கான நிலத்தில் இது அதிகம். கடலூர் முதுநகர்ப் பக்கமோ அரியாங்குப்பம் பக்கமோ மணல் கலந்த மண்ணில் தோட்டம் போடுபவர்கள் இதை முதலில் சோதிக்க வேண்டும்.

வாடிய செடியை மீட்க வழியில்லை என்பதைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். பாக்டீரியா வாடல் வந்த செடியைப் பிழைக்கவைக்கும் மருந்து கிடையாது. யார் என்ன பெயரில் விற்றாலும் வாங்காதீர்கள். பஞ்சகவ்யம், புளித்த மோர் எல்லாம் நல்லவைதாம், ஆனால் அடைத்துப்போன தண்டுக்குள் அவை போகமாட்டா. செடியை வேரோடும் வேர் பிடித்த மண்ணோடும் ஒரு பைக்குள் எடுத்து அப்புறப்படுத்துங்கள். அந்தக் குழியில் காப்பர் ஆக்சி குளோரைடு கரைசலை லிட்டருக்கு 2.5 கிராம் வீதம் ஊற்றி, சுற்றியுள்ள செடிகளின் அடியிலும் ஊற்றினால் பரவும் வேகம் ஓரளவு குறையும். கத்தியையும் மண்வெட்டியையும் கழுவிவிட்டு அடுத்த செடிக்குப் போங்கள். தொட்டியில் வந்திருந்தால் அந்த மண்ணை வேறு தொட்டியில் கலக்கவே கூடாது.

அந்த இடத்தில் அடுத்த முறை தக்காளி வேண்டாம். கத்தரியும் மிளகாயும் அதே குடும்பம், அவையும் வேண்டாம். நம் மாவட்டத்துக்கு ஒரு நல்வாய்ப்பு உண்டு. நெல் விளையும் நிலமாக இருந்தால் ஒரு போகம் நெல் போட்டுவிடுங்கள். தண்ணீர் தேங்கிக் கிடக்கும் மண்ணில் நூற்புழு வெகுவாகக் குறைந்துவிடும், வாடல் கிருமிகளும் தளரும். பாகூர்ப் பக்கம், சிதம்பரம் பக்கம் சம்பா அறுத்த வயலில் மேடான பகுதியில் தக்காளி வைப்பது நல்ல யோசனை. நெல் போட முடியாத வீட்டுக் கொல்லை என்றால் எள், சோளம், துலுக்கச் சாமந்தி மாற்றிப் போடுங்கள். சித்திரை வைகாசி வெயிலில் மண்ணை நனைத்து, கண்ணாடி போன்ற தெளிந்த பாலித்தீன் விரிப்பால் காற்றுப் புகாமல் மூடி ஆறு வாரம் விட்டுவைத்தால் கத்திரி வெயிலே மண்ணை அவித்துக் கொடுத்துவிடும். மேல்மண்ணில் உள்ள நூற்புழுவும் பூஞ்சாணமும் பெருமளவு சாகும். செலவு விரிப்புக்கு மட்டும்தான்.

கொழுந்து சுருண்டால்

கொழுந்து இலை சிறுத்து, மேல்நோக்கிச் சுருண்டு, ஓரம் வெளிர் மஞ்சளாகி, கணுவுக்குக் கணு இடைவெளி குறைந்து, செடி புதர்போல அடர்ந்து நின்றுவிட்டால் இலைச்சுருள் நோய். இது நச்சுயிரி, வெள்ளை ஈ கொண்டுவருவது. செடியை இலேசாக உலுக்கினால் இலைகளின் அடிப்புறத்திலிருந்து வெள்ளைப் பூச்சிகள் பறந்து மறுபடி வந்து உட்காரும். நட்ட முதல் மாதத்தில் வந்த செடி காய்க்காது, பிடுங்கிவிடுங்கள். மனம் வராதுதான். ஆனால் அந்த ஒரு செடியை விட்டுவைத்தால் மற்ற செடிகளுக்கெல்லாம் ஈக்கள் அங்கிருந்தே நோயை எடுத்துப்போகும். நன்றாகக் காய் பிடித்த பிறகு வந்திருந்தால் இருக்கிற காயைப் பறிக்கும் வரை விட்டுவைக்கலாம்.

மஞ்சள் ஒட்டுப்பொறி அட்டைகளைச் செடியின் தலை உயரத்தில் கட்டுங்கள். செடி வளர வளர அட்டையையும் உயர்த்துங்கள். வேப்பெண்ணெய் லிட்டருக்கு 5 மில்லி, அது தண்ணீரோடு கலப்பதற்கு நன்றாகக் கரைத்த சோப்புக் கரைசல் கொஞ்சம் சேர்த்து, மாலையில் இலையின் அடிப்புறம் படும்படி வாரம் ஒருமுறை தெளியுங்கள். ஈயைக் கட்டுப்படுத்தலாம், உள்ளே போன நச்சுயிரியை எதுவும் கட்டுப்படுத்தாது.

கொழுந்தில் வெண்கல நிறம் ஏறி, சிறு கருந்திட்டுகள் விழுந்து, நுனி கருகி, காயில் வட்ட வட்டமாக நிறம் மாறிய வளையங்கள் தெரிந்தால் அது புள்ளி வாடல் நோய். இலைப்பேன் பரப்புவது. இதை உண்டாக்குவது பெரும்பாலும் மல்லாட்டையில் (நிலக்கடலையில்) மொட்டுக் கருகலை உண்டாக்கும் அதே நச்சுயிரிதான். விருத்தாசலம், பண்ருட்டிப் பக்கம் மல்லாட்டைக் கொல்லை இல்லாத ஊர் அரிது. அதனால் மல்லாட்டைக்குப் பக்கத்திலேயே தக்காளி வைக்காதீர்கள். வேறு இடமே இல்லையென்றால் தக்காளி நடுவதற்கு மூன்று வாரம் முன்பே சுற்றிலும் சோளமோ மக்காச்சோளமோ இரண்டு மூன்று வரிசை நெருக்கமாக விதைத்து வேலியாக வளர்த்துவிடுங்கள்.

நோய் அல்லாத மூன்று சுருட்டல்களையும் இங்கே சொல்லியாக வேண்டும். கனமழைக்குப் பிறகோ கடும் வெயிலிலோ அடியிலைகள் மட்டும் தடித்து மேல்நோக்கிச் சுருளும், நிறம் மாறாது, கொழுந்து நன்றாக இருக்கும். அதற்கு எதுவும் செய்ய வேண்டாம். இலை கீழ்நோக்கிச் சுருண்டு, அடிப்புறம் பளபளவென்று பழுப்பேறினால் சிலந்திப் பேன். கந்தகம் தெளித்தால் அடங்கும். மூன்றாவதுதான் நம் ஊர்களில் அடிக்கடி நச்சுயிரி என்று தவறாகக் கணிக்கப்படுவது. நெல்லிலும் கரும்பிலும் அகன்ற இலைக் களைகளுக்கு 2,4-டி என்ற களைக்கொல்லியை அடிக்கிறார்கள். அதன் ஆவியும் சாரலும் காற்றில் வந்து பட்டாலே தக்காளிக் கொழுந்து ஒடுங்கி நூல்போல நீளும், காம்பு முறுக்கிக்கொள்ளும். காற்று வரும் பக்கத்துச் செடிகள் அதிகமாகவும் மறுபக்கத்துச் செடிகள் குறைவாகவும் பாதிக்கப்பட்டிருந்தால், எல்லாம் ஒரே நாளில் நடந்திருந்தால், அக்கம்பக்கத்தில் விசாரியுங்கள். இலேசாகப் பட்ட செடி புதுக்கொழுந்து விட்டுத் தேறிக்கொள்ளும், பிடுங்கத் தேவையில்லை. களைக்கொல்லி அடித்த தெளிப்பானை வாடகைக்கோ இரவலுக்கோ வாங்கித் தக்காளிக்கு அடித்தாலும் இதே கதிதான். தக்காளிக்கென்று தனித் தெளிப்பான் வைத்துக்கொள்ளுங்கள்.

காயில் மட்டும் கோளாறு

காயின் அடிப்புறம், அதாவது காம்புக்கு எதிர்ப்பக்கம், கறுத்துத் தோல்போலக் குழிந்துவிடுகிறது. பூஞ்சாணம் என்று நினைத்து மருந்தடிப்பார்கள். நோய்க்கிருமிக்கும் இதற்கும் தொடர்பில்லை. காய்க்குச் சுண்ணாம்புச் சத்து போய்ச் சேராததால் வருவது. மண்ணில் சத்து இருந்தாலும், ஒருநாள் காயவிட்டு மறுநாள் வெள்ளமாக ஊற்றினால் செடியால் அதை எடுத்துக் காய்க்கு அனுப்ப முடியாது. புதுச்சேரிக் கடற்கரையோரம் நிலத்தடி நீரில் கடல்நீர் ஏறிய இடங்களில் உப்பும் சேர்ந்து கெடுக்கும். அங்கே மழைநீரைத் தொட்டியில் பிடித்துவைத்துக் கலந்து ஊற்றுவது மிகவும் உதவும். தினமும் ஒரே நேரத்தில் ஒரே அளவு தண்ணீர், மூடாக்கு, யூரியாவைக் குறைத்தல் ஆகிய மூன்றுமே மருந்து. நிலமாக இருந்தால் நடவுக்கு முன் ஜிப்சம் இடலாம். முட்டை ஓட்டுத் தூளைப் போட்டுவிட்டு அடுத்த வாரமே பலன் எதிர்பார்க்கிறார்கள். அது மக்கி வேருக்குக் கிடைக்க மாதக்கணக்காகும்.

காய் வெடிப்பதும் தண்ணீர் ஏற்ற இறக்கத்தால்தான். காயில் வட்டத் துளை இருந்தால் காய்ப்புழு. அது வேறு கதை.

நோய் வராமல் தொடங்குவது

இதுவரை சொன்ன நோய்களில் பாதிக்கு மேல் நாற்றங்காலிலேயே தடுக்கக் கூடியவை. நான் யாருக்காவது ஒரே ஒரு யோசனை சொல்லலாம் என்றால், நாற்றை வலைக்குள் வளருங்கள் என்றுதான் சொல்வேன். நாற்பது அல்லது ஐம்பது மெஷ் நைலான் வலை என்று கேட்டு வாங்குங்கள். கொசுவலையின் கண்ணில் வெள்ளை ஈ தாராளமாக நுழைந்துவிடும். நான்கு குச்சி நட்டு வலையைப் போர்த்தி, அடியில் மண் அணைத்து மூடிவிடுங்கள். இலைச்சுருள் நச்சுயிரி செடிக்குள் போவது பெரும்பாலும் இந்த முதல் நாள்களில்தான்.

விதையைப் பொருத்தவரை, பாக்டீரியா வாடல் ஒருமுறை வந்த இடம் என்றால் எதிர்ப்புத் திறன் உள்ள ரகத்தைத் தேடுங்கள். பெங்களூரில் உள்ள இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிறுவனம் வெளியிட்ட அர்கா ரக்ஷக் என்ற வீரிய ஒட்டு இலைச்சுருள், பாக்டீரியா வாடல், முன்பருவக் கருகல் மூன்றையும் எதிர்த்து நிற்பது. வீரிய ஒட்டு என்பதால் அதன் பழத்திலிருந்து எடுத்த விதையில் அதே குணம் வராது. ஒவ்வொரு முறையும் விதை வாங்க வேண்டும். வாடலை எதிர்க்கும் கத்தரியை அடிச்செடியாக வைத்து ஒட்டுக்கட்டிய தக்காளி நாற்று கிடைத்தால் வாடல் வந்த மண்ணுக்கு அது இன்னும் நல்லது. விதை எடுத்துவைத்துக்கொள்ள விரும்புபவர்களுக்குப் பெரியகுளம் 1 போன்ற ரகம் பொருந்தும்.

விதைக்கும் முன் விதை நேர்த்தி செய்யுங்கள், அதாவது நன்மை செய்யும் நுண்ணுயிர்த் தூளை விதையோடு கலந்துகொள்ளுங்கள். ஒரு கிலோ விதைக்கு டிரைக்கோடெர்மா விரிடி என்ற பூஞ்சாணம் 4 கிராம் அல்லது சூடோமோனாஸ் என்ற பாக்டீரியா 10 கிராம் என்பது கணக்கு. வீட்டுக்கு வாங்கும் சிறு பொட்டலத்துக்கு ஒரு சிட்டிகையே அதிகம். மேட்டுப்பாத்தியோ குழித்தட்டோ எதுவானாலும் தண்ணீர் தேங்கக் கூடாது. தண்டு தரையோடு மெலிந்து நாற்றுகள் கூட்டமாகச் சாய்ந்தால் அது நாற்றழுகல். நெருக்கமாக விதைத்ததும் மாலையில் தண்ணீர் ஊற்றியதும் காரணமாக இருக்கும். சாய்ந்தவற்றை எடுத்துவிட்டுக் காப்பர் ஆக்சி குளோரைடு கரைசலால் பாத்தியை நனைத்து, ஒருநாள் தண்ணீரை நிறுத்துங்கள்.

நாற்று 25 நாளில் நடவுக்குத் தயாராகும். எடுத்த நாற்றின் வேரை, லிட்டருக்கு 5 கிராம் சூடோமோனாஸ் கலந்த தண்ணீரில் அரை மணி நேரம் நனைத்து நடுங்கள். நடவுக்குழியில் மக்கிய எருவோடு ஒரு கைப்பிடி வேப்பம் பிண்ணாக்கு போடலாம். டிரைக்கோடெர்மாவும் சூடோமோனாஸும் உயிருள்ளவை. அவற்றை இட்ட அதே வாரத்தில் காப்பரோ மான்கோசெப்போ மண்ணில் ஊற்றினால் இட்டது வீண்.

வரிசைக்கு வரிசை இரண்டடி, செடிக்குச் செடி ஒன்றரை அடி. மாடித் தோட்டத்திலும் இந்த இடைவெளி வேண்டும். தொட்டிகளை ஒட்டி ஒட்டி அடுக்குவதால்தான் மாடியில் கருகல் பரவுகிறது. நட்ட இரண்டு வாரத்துக்குள் குச்சி நட்டுக் கட்டிவிடுங்கள். தண்ணீர் காலையில், வேருக்கு மட்டும். குழாயால் இலைமேல் அடிக்க வேண்டாம். புகையிலை போடுபவர்கள், பீடி, சிகரெட் பிடிப்பவர்கள் சோப்பால் கை கழுவிவிட்டுத்தான் செடியைத் தொட வேண்டும். புகையிலையில் இருக்கும் தேமல் நச்சுயிரி கைவழியாகவே தக்காளிக்கு வரும்.

எப்போது நடுவது? ஆடிப்பட்டத்தில் விதைத்த தக்காளி இங்கே ஐப்பசி மழையில் காயோடு மாட்டிக்கொள்ளும். புதியவர்கள் கார்த்திகைக் கடைசியில் அல்லது மார்கழித் தொடக்கத்தில் விதைத்து, தை பிறந்ததும் நடுவதுதான் பாதுகாப்பு என்பது என் கருத்து. மாசி, பங்குனியில் காய் வரும். சித்திரை பிறந்தால் இரவிலும் வெப்பம் குறையாமல் பூ உதிரத் தொடங்கிவிடும். அதற்குள் முக்கால்வாசி அறுவடை முடிந்திருக்கும்.

தெளிப்பதென்றால்

செலவு குறைவாக, பூஞ்சாணத்துக்கும் பாக்டீரியா இலைப்புள்ளிக்கும் பொதுவாக வீட்டிலேயே தயாரிக்கக் கூடியது போர்டோ கலவை. பிரான்சில் போர்டோ பல்கலைக்கழகப் பேராசிரியர் மில்லார்டே 1885-இல் திராட்சைக்காக வெளியிட்ட கலவை இது, இன்றும் பயன்படுகிறது. அரை லிட்டர் தண்ணீரில் 10 கிராம் மயில்துத்தத்தைப் பிளாஸ்டிக் வாளியில் கரையுங்கள். இன்னொரு வாளியில் அரை லிட்டர் தண்ணீரில் 10 கிராம் சுட்ட சுண்ணாம்பைக் கரைத்து வடிகட்டுங்கள். மயில்துத்தக் கரைசலைச் சுண்ணாம்புக் கரைசலுக்குள் மெல்ல ஊற்றிக் கலக்குங்கள். இரும்பு, தகரப் பாத்திரம் கூடாது. கலவை வான்நீலமாக வரும். துருவில்லாத இரும்பு ஆணி ஒன்றை அதில் சில நிமிடம் விட்டு எடுங்கள். ஆணியில் செந்நிறம் படிந்திருந்தால் துத்தம் மிஞ்சியிருக்கிறது. அப்படியே தெளித்தால் இலை கருகும். இன்னும் கொஞ்சம் சுண்ணாம்புத் தெளிவு சேர்த்து மறுபடி ஆணியை விட்டுப் பாருங்கள். செந்நிறம் படியாதபோது கலவை தயார். அன்றே தெளித்துவிட வேண்டும், மறுநாளுக்கு ஆகாது. இளஞ்செடிக்குப் பாதி வலுவில் போதும்.

கடையில் வாங்கும் மருந்து எதுவானாலும் பொட்டலத்தில் உள்ள முக்கோணத்தின் நிறத்தைப் பாருங்கள். சிவப்பு மிகக் கடும் நஞ்சு, அடுத்தது மஞ்சள், பிறகு நீலம், பச்சை கடைசி. வீட்டுத் தோட்டத்துக்குள் சிவப்பும் மஞ்சளும் வரவே கூடாது. தெளித்த பின் எத்தனை நாள் கழித்துப் பறிக்கலாம் என்பதும் பொட்டலத்திலேயே அச்சிட்டிருக்கும். அந்த நாள் கணக்கைக் காலண்டரில் குறித்துவையுங்கள். அளவுக்குச் சமையலறைக் கரண்டியை எடுக்காதீர்கள். காலையில் தேனீக்கள் பூவில் இருக்கும். மாலைதான் தெளிக்கும் நேரம். முகத்தைத் துணியால் மூடி, முழுக்கைச் சட்டை போட்டு, காற்றுக்கு எதிரே நிற்காமல் தெளியுங்கள். மழை வரும் என்ற நாளில் தெளித்தால் மருந்து மண்ணுக்குத்தான் போகும்.

யாரிடம் காட்டுவது?

பார்த்தும் பிடிபடவில்லை என்றால் செடியை எடுத்துக்கொண்டு நேரே போய்விடுங்கள். புதுச்சேரிக்காரர்களுக்குக் குரும்பாப்பேட்டில் பெருந்தலைவர் காமராஜர் வேளாண் அறிவியல் நிலையம் இருக்கிறது. கடலூர் மாவட்டத்துக்கு விருத்தாசலத்தில் வேளாண் அறிவியல் நிலையம், கடலூருக்கு அருகிலேயே பாலூரில் காய்கறி ஆராய்ச்சி நிலையம், சிதம்பரம் பக்கம் இருப்பவர்களுக்கு அண்ணாமலைப் பல்கலைக்கழக வேளாண்மைப் புலம். தொலைபேசியில் கேட்க 1800-180-1551 என்ற கிசான் அழைப்பு மையத்தில் தமிழிலேயே பேசலாம், கட்டணம் இல்லை.

பறித்த ஓர் இலையை மட்டும் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போனால் யாராலும் சொல்ல முடியாது. நோய் தொடங்கிய நிலையில் உள்ள ஒரு செடியை வேரோடு, வேர்மண்ணோடு தோண்டி எடுங்கள். முழுவதும் காய்ந்த செடியில் அழுகல் கிருமிகள் ஏறிவிடும், காரணம் தெரியாது. தண்ணீர் தெளிக்காமல் பழைய செய்தித்தாளில் சுற்றுங்கள். பிளாஸ்டிக் பையில் கட்டினால் வெந்துவிடும். வேர்ப்பகுதியை மட்டும் தனியே ஒரு பையில் கட்டிக்கொள்ளலாம். எந்த நாள் நட்டது, என்ன உரம் வைத்தது, என்ன மருந்து அடித்தது, கடைசியாக எப்போது மழை பெய்தது, அந்த இடத்தில் முன்பு என்ன பயிர் இருந்தது என்பதை ஒரு தாளில் எழுதி உடன் கொண்டுபோங்கள். நல்ல செடி ஒன்றின் கிளையையும் ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக எடுத்துச் செல்லுங்கள். வெள்ளிக்கிழமை மாலை பிடுங்கி வைத்துவிட்டுத் திங்கட்கிழமை காட்டுவதைவிட, திங்கட்கிழமை காலையில் பிடுங்கி அன்றே கொடுத்துவிடுவது நல்லது.